செல்ஃப் எடுக்காத வண்டி

21.10.2022, வெள்ளி

சாயங்காலம் மார்க்கெட்டிலிருந்து திரும்பும்போது தெற்கு பஜார் முக்கில் நாய் ஒன்று குறுக்கே வந்து வண்டியில் அடிபட்டது. இடது பக்கக் கண்ணாடி மடங்கிவிட்டது. வீட்டுக்கு வந்து நிமிர்த்தி வைத்தேன். வேறு சேதம் இல்லை. அதற்குப் பிறகு என் வீட்டுக்காரி வடிவு வழியெல்லாம் ஒரு வார்த்தை பேசவில்லை. ராத்திரி சாப்பிடவும் இல்லை. ஒரு நாய்க்கு இவ்வளவு துக்கமா?

2.11.2022, புதன்

வண்டி செல்ஃப் எடுக்கவில்லை. சாவியைத் திருப்பினால் 'டக்' என்று ஒரு சத்தம், அதற்குப் பிறகு ஒன்றுமில்லை. முப்பத்தோரு வருடம் பிரேக் இன்ஸ்பெக்டராக இருந்தவன் வீட்டில் இந்த அழகு.

மாடியில் குடியிருக்கும் ஜெபசிங் எட்டிப் பார்த்து, "என்ன சார், பேட்டரி டவுணா?" என்றான். காலேஜில் கணக்கு வாத்தியார். அவன் கணக்கை அவன் பார்க்க வேண்டியதுதானே. "ஒன்றுமில்லை" என்று சொல்லிவிட்டு, துடைக்க வந்தவன் மாதிரி மஞ்சள் துணியை எடுத்து வண்டியைத் துடைத்தேன்.

இருபதாம் தேதி பேரனுக்குத் திருச்செந்தூரில் முடி இறக்குகிறோம். சிவகாமி ஓசூரிலிருந்து பிள்ளையைத் தூக்கிக்கொண்டு பதினெட்டாம் தேதி ரயிலில் வருகிறாள். மாப்பிள்ளை வேலையாகச் சென்னையில் இருக்கிறார், நேராகக் கோயிலுக்கு வந்துவிடுவார். இங்கிருந்து நான்தான் காரை ஓட்டிக்கொண்டு போகிறேன். சிவகாமிக்கு முடி இறக்கியபோதும் நான்தான் ஓட்டினேன். அந்தச் சாலையில் கண்ணைக் கட்டிவிட்டாலும் ஓட்டுவேன்.

"பேசாம டாக்சி சொல்லிருவோமே" என்றாள் வடிவு. இதோடு நாலாவது தடவை. எனக்குக் காது கேட்காத மாதிரி இருந்துவிட்டேன்.

3.11.2022, வியாழன்

பேட்டரி கடைக்குப் போன் செய்தேன். வந்து இறங்கியவன் பக்கீர் மைதீன். ஊரில் வேறு ஆளே இல்லையா? 1998இல் அவனை இரண்டு தடவை தேர்வில் தள்ளியவன் நான். மூன்றாவது தடவைதான் தேறினான். இப்போது தாடி நரைத்திருக்கிறது. மறந்திருப்பான் என்று பார்த்தால், வந்ததும் வராததுமாக, "இன்ஸ்பெக்டர் சார் வீடா! முன்னமே தெரிஞ்சா நல்ல சட்டை போட்டுட்டு வந்திருப்பேனே" என்றான்.

என் வேலையில் நான் அதிகம் பேசியதில்லை. எட்டு போடச் சொல்வேன். மேட்டில் நிறுத்தி எடுக்கச் சொல்வேன். தேறினால் தலையை ஆட்டுவேன். தேறாவிட்டால் ஒரே சொல்தான், "இறங்கு." காரணம் சொல்வதில்லை. சாவியை வண்டியிலேயே விட்டுவிட்டு இறங்க வேண்டும், அதுதான் முறை. பெரிய இடத்து மச்சினனுக்கும் அதே சொல், லாரி கிளீனருக்கும் அதே சொல். அதனால்தான் எனக்குச் சிநேகிதர்கள் குறைவு.

பக்கீர் பானெட்டைத் திறந்து பார்த்து, டெர்மினலில் பச்சை பூத்திருப்பதாகச் சொன்னான். வெந்நீர் வாங்கி ஊற்றிக் கழுவினான். அவன் கொண்டுவந்த பேட்டரியிலிருந்து ஒயர் கொடுத்தான். பிறகு, "சார், கொஞ்சம் எறங்குங்க, நான் அடிச்சுப் பாக்கேன்" என்றான். வேண்டுமென்றேதான் அந்தச் சொல்லைச் சொன்னான்.

வண்டி கிளம்பியது. பேட்டரிக்கு நாலு வயசு முடிந்துவிட்டது, மாற்றுவது நல்லது என்றான். விற்கிறவன் அப்படித்தான் சொல்வான்.

5.11.2022, சனி

மறுபடியும் 'டக்'.

ஜெபசிங்கைக் கூப்பிட்டுத் தள்ளச் சொன்னேன். வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு தெருமுனை வரை தள்ளினான். கிளம்பியது. கிளம்பும்போது பிள்ளையார் கோயில் திண்டில் லேசாக உரசிவிட்டது. அந்தத் திண்டைத் தெருவுக்குள் இழுத்துக் கட்டியது யார் குற்றம்? "சார், ரைட்ல பாருங்க, ரைட்ல பாருங்க" என்று அவன் கத்தியது தெரு முழுக்கக் கேட்டது. திரும்பி வந்த பிறகு ஒரு நன்றிகூட நான் சொல்லவில்லை என்று வடிவு வருத்தப்பட்டாள். வாடகைக்கு இருக்கிறவன் தள்ளினால் என்ன குறைந்துவிடும்?

வடிவு இப்போதெல்லாம் காலையில் எட்டு மணிக்கே தூக்குவாளியை எடுத்துக்கொண்டு வெளியே போகிறாள். கேட்டால் கோயில் என்கிறாள். எந்தச் சாமி காலையில் சோறும் ரசமும் சாப்பிடுகிறது என்று தெரியவில்லை.

7.11.2022, திங்கள்

புதுப் பேட்டரி போட்டாயிற்று. பக்கீர் மீட்டர் வைத்துக் காட்டினான். நம்பர் சின்னதாக இருந்தது. "சரி, சரி" என்றேன்.

சாயங்காலம் வழக்கம்போல வண்டியைச் சுற்றி வந்தேன். டயர், கண்ணாடி, விளக்கு, நம்பர் பிளேட். ஓய்வு பெற்றுப் பதினைந்து வருடமாக ஒரு நாள் விட்டதில்லை. தன் வண்டியைச் சுற்றிப் பார்க்காமல் ஏறுகிறவனை நான் எட்டு போடவே விட்டதில்லை.

10.11.2022, வியாழன்

புதுப் பேட்டரியும் செத்துப்போயிற்று. மூன்றே நாள்!

பக்கீரை வரச்சொல்லி நல்ல வார்த்தை நாலு சொன்னேன். பழைய சரக்கை ஸ்டிக்கர் மாற்றி ஒட்டி என் தலையில் கட்டிவிட்டான் என்றேன். அவன் கோபப்படவில்லை. அதுதான் இன்னும் கோபமாக இருந்தது.

"பேட்டரி நல்லாத்தான் இருக்கு சார். யாரோ கரண்ட உறிஞ்சிருக்காங்க. லைட்டு ஏதும் அணைக்காம விட்டுட்டியளா?"

என்னைப் பார்த்து! எத்தனை பேருடைய லைட்டைச் சோதித்தவன் நான்! "ஆடத் தெரியாதவள் கூடம் கோணல்னாளாம், நீ உன் பேட்டரியப் பாருலே" என்றேன்.

"அப்பம் ராத்திரியில ஒரு டெர்மினலக் கழத்தி வையுங்க சார், காலையில மாட்டிக்கிடலாம்" என்றான். கிழட்டு லாரிக்குச் செய்கிற வைத்தியத்தை என் வண்டிக்குச் சொல்கிறான். முடியாது என்றேன். பேட்டரியைக் கழற்றிக் கடைக்குக் கொண்டுபோய்ச் சார்ஜ் ஏற்றிச் சாயங்காலம் திரும்ப மாட்டினான்.

வடிவு அவனுக்குக் காபி கொடுத்தாள். வாசலில் நின்று இரண்டு பேரும் ஏதோ பேசினார்கள். நான் போனதும் நிறுத்திவிட்டார்கள்.

11.11.2022, வெள்ளி

கண் மருந்து பாட்டில் வாங்கினபடியே நிறைந்திருக்கிறது என்று வடிவு எடுத்துக் காட்டினாள். ஆகஸ்டில் அந்த டாக்டர் பையன், "ஐயா, ஓரத்துல இருந்து பார்வை தேஞ்சுகிட்டே வருது, இனிமே வண்டி ஓட்டாதீங்க" என்று சொன்னதைத் திரும்பச் சொன்னாள். ஓரத்தில்தானே தேய்கிறது? வண்டி ஓட்டுகிறவன் நேராகத்தான் பார்க்கிறான். லைசென்ஸ் இன்னும் இரண்டு வருடம் இருக்கிறது. நான் கத்தவில்லை. எடுத்துச் சொன்னேன். அதற்கு மாடியில் ஜன்னலைச் சாத்துவானேன்?

12.11.2022, சனி

எலக்ட்ரீஷியனிடம் வண்டியைக் கொண்டுபோனேன். ஒயரிங்கில் கரண்ட் ஒழுக்கே இல்லை, எல்லாம் சுத்தம் என்றார். ஆக வண்டியில் குற்றமில்லை. பேட்டரி புதுசு. மிச்சம் இருப்பது மனுசக் கை.

போகும்போது தெற்கு பஜார் வழியாகப் போகவில்லை. அந்த வழியில் கூட்டம் அதிகம். மூன்று வாரமாகவே அப்படிப் போவதில்லை.

14.11.2022, திங்கள்

காலையில் வண்டி செத்துக் கிடந்தது. ஒயர் கொடுத்து எடுத்தாயிற்று. பக்கீர் இந்தத் தடவை என்னையே பார்த்துக்கொண்டிருந்தான்.

இரண்டு விஷயம் குறித்து வைக்கிறேன். ஒன்று, நேற்றுச் சாயங்காலம் துடைக்கும்போது முன்விளக்குக் கண்ணாடி லேசாகச் சூடாக இருந்தது. வெயில் பட்டிருக்கும். (ஷெட்டுக்குள் வெயில் வருவதில்லை. ஆனாலும் நவம்பர் வெயில் பொல்லாதது.) இரண்டு, பூஜை அலமாரியில் இருக்கும் மாற்றுச் சாவியில் குங்குமம் ஒட்டியிருக்கிறது. எலி உருட்டியிருக்கும்.

15.11.2022, செவ்வாய்

சாயங்காலம் ஷெட்டில் இருந்தபோது ஜெபசிங் பைக்கை நிறுத்திவிட்டு என் பக்கத்தில் வந்தான். "சார், தப்பா எடுத்துக்கிடாதீங்க, உங்க வண்டியில லைட்டு..." என்று ஆரம்பித்தான்.

"என் வண்டியை நீ ஏன் பார்க்கிறாய்?" என்றேன்.

"நான் தொடவே இல்ல சார், வெளிய நின்னுதான்..." 

எங்கப்பன் குதிருக்குள் இல்லை என்ற கதைதான். தொட்டாயா என்று நான் கேட்கவே இல்லையே! "வாடகை கொடுத்தோமா, மேலே போனோமா என்று இரு" என்றேன். அப்போது வடிவு கொல்லைப்புறத்திலிருந்து வந்தாள். அவன் அவளைப் பார்த்தான். அவள் அவனைப் பார்த்து லேசாகத் தலையை அசைத்தாள். அவன் படியேறிப் போய்விட்டான்.

16.11.2022, புதன்

இன்று பிடித்தே தீர்வது என்று முடிவு செய்தேன். மத்தியானத் தூக்கம் முடிந்து நாலரைக்கே வாசலில் நாற்காலி போட்டு, வண்டியின் பின்பக்கத்தைப் பார்த்தபடி உட்கார்ந்துவிட்டேன். ஏழு மணி வரை அசையவில்லை. கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்த்தேன் என்பார்களே, அப்படி.

வந்தவர்கள்: பால்காரர், கேட்டுக்கு வெளியே. வடிவு, துணி எடுக்க. ஜெபசிங், ஆறு பத்துக்கு, வண்டியைத் திரும்பிப் பார்த்தபடி மேலே போனான். வேறு ஈ காக்கை இல்லை.

தெருவில் புதிதாகப் போட்ட வெள்ளை விளக்கு நேராகக் கண்ணில் குத்துகிறது. ஆறு மணிக்கு மேல் எல்லாம் சாம்பல் தூவினது மாதிரி ஆகிவிடுகிறது. வண்டியின் பின்னால் சிவப்பாக ஏதோ இரண்டு புள்ளி தெரிந்தது. பிள்ளையார் கோயில் சீரியல் லைட் கண்ணாடியில் பட்டுத் தெரிகிறது. கார்த்திகை பிறப்பதற்கு முன்பே சீரியல் லைட் போட்டுவிட்டார்கள், பக்தி முற்றிப்போயிற்று.

ஏழு மணிக்கு வண்டியைப் பூட்டியிருக்கிறதா என்று கைப்பிடியை இழுத்துப் பார்த்துவிட்டு உள்ளே வந்தேன். சாப்பிடும்போது வடிவு, "ரெண்டரை மணி நேரம் உக்காந்து என்னத்தப் பாத்திய?" என்று கேட்டாள்.

"ஒண்ணுமில்லை. எல்லாம் சரியா இருக்கு."

"ஒண்ணுமே தெரியலையா?"

"கோயில் லைட்டுதான் தெரிஞ்சுது."

ரசத்தை ஊற்றிக்கொண்டிருந்தவள் கை நின்றுவிட்டது. பிறகு உள்ளே போனவள் வெகுநேரம் வரவில்லை. எனக்கு மோர் ஊற்ற ஆள் இல்லை.

17.11.2022, வியாழன்

செத்துவிட்டது.

ஆறு பத்துக்கு வண்டியைப் பார்த்துக்கொண்டே போனவன் யார்? ஜெபசிங். நான் உள்ளே போன பிறகு இறங்கி வந்திருக்கிறான். வேறு யார்? இந்த மாதத்தோடு வீட்டைக் காலி செய்துவிடு என்று சொல்லிவிட்டேன். அவன் பெண்சாதி கைக்குழந்தையோடு படியில் நின்றுகொண்டிருந்தாள். "நான் என்ன சார் செஞ்சேன்?" என்றான். காரணம் சொல்வது என் பழக்கமில்லை.

வடிவு ஓடிவந்து, "அவர எதுக்குப் போகச் சொல்லுதிய? அவரு ஒண்ணும் செய்யல" என்றாள்.

"பிறகு யார் செய்தது?"

அவள் வாயைத் திறந்தாள். மூடினாள். "எனக்குத் தெரியுமா?" என்றாள் கடைசியில். நாற்பத்தாறு வருடக் குடித்தனத்தில் அவளுக்குப் பொய் சொல்ல வந்ததில்லை. என்னவோ முகத்தைப் பார்க்கத் தோன்றவில்லை.

18.11.2022, வெள்ளி

சிவகாமி வந்துவிட்டாள். ஸ்டேஷனுக்கு வண்டி கொண்டுபோக முடியவில்லை, ஆட்டோவில் வந்தாள். அகிலனுக்குப் பதினோரு மாதம். சுருட்டை முடி, கண்ணில் விழுகிறது. என் மூக்குக் கண்ணாடியைப் பிடித்து இழுத்தான். எனக்குச் சிரிப்பு வந்தது. இந்த நோட்டில் அந்த வார்த்தையை எழுதி எவ்வளவு நாளாயிற்று!

"அப்பா, டாக்சியில போயிருவோம்பா. அவுகளும் அதத்தான் சொல்லுதாக."

"உன்னை முடி இறக்கக் கொண்டுபோனவன் யார்?"

"நீங்கதாம்பா. அப்பம் உங்களுக்கு எத்தனை வயசு?"

பெண்பிள்ளைக்குப் படிப்பைக் கொடுத்தால் இதுதான். இரண்டு பேரும் அடுப்படியில் கதவைச் சாத்திக்கொண்டு பேசினார்கள். வெளியே வந்தபோது சிவகாமிக்குக் கண் சிவந்திருந்தது. பிள்ளையை என் கையில் கொடுத்தாள், ஆனால் கையை முழுசாக எடுக்கவில்லை.

19.11.2022, சனி

இனி விளையாட்டு இல்லை. பக்கீர் சார்ஜ் ஏற்றிக் கொண்டுவந்த பேட்டரியை வண்டியில் மாட்டவே விடவில்லை. என் கட்டிலுக்கு அடியில் வைத்துவிட்டேன். இரண்டு சாவியும் தலையணைக்கு அடியில். நாளை விடிகாலை நானே மாட்டி, நானே எடுப்பேன். எவன் வருகிறான் பார்க்கிறேன்.

பக்கீர் வாசலில் செருப்பைப் போட்டுக்கொண்டே, "சின்னப் பிள்ளைய வச்சுக்கிட்டா சார்?" என்றான். உனக்கு என்ன வந்தது என்றேன்.

20.11.2022, ஞாயிறு

சாயங்காலம் எழுதுகிறேன். வடிவு பக்கத்து அறையில் இருக்கிறாள்.

நாலரைக்கு எழுந்து குளித்து, டார்ச்சைத் தாடையில் இடுக்கிக்கொண்டு பேட்டரியை மாட்டினேன். ஸ்பேனர் இரண்டு தடவை கையிலிருந்து விழுந்தது. சாவியைத் திருப்பினேன். ஒரே அடி. வண்டி உறுமிக் கிளம்பியது. பதினெட்டு நாள் இதற்காகத்தான் எல்லோருடனும் சண்டை போட்டேன். ஜெயித்துவிட்டேன் என்று ஸ்டியரிங்கைத் தட்டினேன்.

சிவகாமி பிள்ளையோடு வாசல் படியில் நின்றாள். ஏறச் சொன்னேன். வடிவு அவளைப் பார்த்து, "நீ நில்லு" என்று சொல்லிவிட்டு, தான் மட்டும் வந்து முன்னால், என் இடது பக்கத்து சீட்டில் உட்கார்ந்தாள். கதவைச் சாத்தினாள். அது நான் முப்பத்தோரு வருடம் உட்கார்ந்த பக்கம்.

"பின்னாலப் போயி பிள்ளைய வாங்கிக்கோ" என்றேன்.

"பார்க்கிங் லைட்டப் போட்டது நான்தான்" என்றாள்.

எனக்கு முதலில் விளங்கவில்லை.

"அஞ்சு தடவ போட்டேன். மத்தியானம் நீங்க தூங்கும்போது சாவிய எடுத்துப் போட்டுருவேன். காலையில கோலம் போட வரும்போது அணைப்பேன். பேட்டரி போகட்டும்னு மட்டும் போடல. சாயங்காலம் வண்டியச் சுத்திச் சுத்தி வருவியல்லா. ஒரு நாளாவது, 'யாரு லைட்டப் போட்டது'ன்னு சத்தம் போடுவியன்னு பாத்தேன். போட்டிருந்தா அன்னைக்கே அணைச்சுட்டு, பிள்ளையத் தூக்கிக்கிட்டுப் பேசாம ஏறி உக்காந்திருப்பேன்."

என்ஜின் ஓடிக்கொண்டிருந்தது.

"துணி வச்சுத் தொடைச்சிய. எரியுத லைட்டத் தொடைச்சிய."

"சூடா இருந்துது" என்றேன். வேறு என்ன சொல்ல?

"புதன்கிழம ரெண்டரை மணி நேரம் அதுக்கு முன்னாலயே உக்காந்திருந்திய. கோயில்ல சீரியல் லைட்டே போடல. நான் போயிப் பாத்துட்டு வந்தேன்."

அவள் என் முகத்தைப் பார்க்கவில்லை. முன் கண்ணாடி வழியாகத் தெருவையே பார்த்துக்கொண்டு பேசினாள். நானும் அப்படித்தான் பேசுவேன், தேர்வு நடக்கும்போது.

"அன்னைக்கு அடிபட்டது நாயில்ல. முக்குல இட்லி விக்காளே பேச்சியம்மா, அவதான். சட்டியத் தூக்கிக்கிட்டு ஓரமாத்தான் போனா. கண்ணாடி தட்டி விழுந்தா. நிறுத்துங்கன்னு மூணு மட்டம் சொன்னேன். நாய்தான், நாய்தான்னு சொல்லிட்டே வந்திய. கை மணிக்கட்டு ரெண்டா ஒடிஞ்சிருக்கு. அவளுக்குத்தான் தெனம் சோறு கொண்டு போறேன்."

வாசல் படியில் அகிலன் சிணுங்கும் சத்தம் கேட்டது. சிவகாமி முதுகைத் தட்டிக் கொடுப்பது தெரிந்தது. அதுவும் நேராகப் பார்த்ததால் தெரிந்தது.

வடிவு திரும்பினாள். குரலை உயர்த்தவில்லை. அழவும் இல்லை.

"எறங்குங்க" என்றாள்.

அந்தச் சொல்லை நான் எத்தனை ஆயிரம் பேரிடம் சொல்லியிருப்பேன்! ஒருவனாவது உடனே இறங்கியதில்லை. வெயில் கண்ணில் அடித்தது என்பார்கள். வண்டி சரியில்லை என்பார்கள். நாய் குறுக்கே வந்தது என்பார்கள். யார் சொன்னதையும் நான் கேட்டதில்லை. கேட்டால் நாளைக்கு அவன் ஒரு ஆளைக் கொல்வான் என்று எனக்குத் தெரியும். இன்று என் வாயிலும் அதே மூன்றும் வரிசையாக வந்து நின்றன. அவமானமாக இருந்தது. பயமாகவும் இருந்தது, படியில் நின்ற பிள்ளையைப் பார்த்தபோது.

சாவியை வண்டியிலேயே விட்டுவிட்டு இறங்கினேன்.

கேட்டுக்கு வெளியே பக்கீர் மைதீன் நின்றுகொண்டிருந்தான். முந்தின நாளே வடிவு வரச் சொல்லியிருக்கிறாள். வெள்ளைச் சட்டை, தேய்த்தது. என்னை ஒன்றும் கேட்காமல் ஏறி உட்கார்ந்து, சீட்டை முன்னால் நகர்த்திக்கொண்டான். அவன் சிரித்திருந்தால் எனக்குக் கொஞ்சம் சுலபமாக இருந்திருக்கும்.

திருச்செந்தூர் வரை அவன்தான் ஓட்டினான். நன்றாகத்தான் ஓட்டுகிறான். மேட்டில் ஒரு இடத்தில் கியர் மாற்றத் தாமதித்தான். சொல்லவில்லை. பேரனுக்கு முடி இறக்கினோம். அழுது ஊரைக் கூட்டினான். மொட்டைத் தலையில் சந்தனம் பூசியபோது, நேராகப் பார்த்து, ஒரு மூலை விடாமல் நானே பூசினேன்.

திரும்பி வந்ததும் மாடிப்படி ஏறிப் போய் ஜெபசிங்கைக் கூப்பிட்டேன். குற்றம் என்னுடையது, காலி செய்ய வேண்டாம் என்றேன். "வேற வீடு பாத்தாச்சு சார்" என்றார். "அன்னைக்கு லைட்டு எரிஞ்சுதுன்னு சொல்லத்தான் வந்தேன்" என்றார். கதவைச் சாத்திக்கொண்டார். சத்தம் வராமல்தான் சாத்தினார்.

21.11.2022, திங்கள்

காலையில் வடிவு தூக்குவாளியை எடுத்தபோது நானும் கிளம்பினேன். நடந்துதான் போனோம். அவள் என் இடது பக்கத்தில் வந்தாள். சைக்கிள், ஆடு, பள்ளம் என்று ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டே வந்தாள். இவ்வளவு இருக்கிறதா அந்தப் பக்கத்தில்?

மார்க்கெட்டுக்குப் பின்னால் ஒரு சந்து. பேச்சியம்மாளுக்கு ஐம்பது வயது இருக்கும். வலது கை மாவுக்கட்டில் இருந்தது. இட்லிச் சட்டிகள் கவிழ்த்தபடி கிடந்தன. வடிவைப் பார்த்து, "வாங்கக்கா" என்றாள். பின்னால் என்னைப் பார்த்ததும் முகம் மாறிவிட்டது. உட்காரச் சொல்லவில்லை.

"நான்தான் வண்டி ஓட்டினது" என்றேன்.

"தெரியும். ஒம்பது வருசமா நீரு எங் கடையத் தாண்டித்தான் போறீரு" என்றாள். "சத்தம் கேட்டிச்சா, கேக்கலையா?"

"கேட்டுது."

"பின்ன ஏன் நிக்கல?"

நாய் என்று நினைத்தேன் என்று சொல்ல வந்தேன். நாயாக இருந்தால் மட்டும் நிற்க வேண்டாமா? நினைத்தேன் என்பதும் பொய்தான். நிற்கக் கூடாது என்பதற்காக அதை நாய் ஆக்கினேன். நின்றால் இறங்க வேண்டும். இறங்கினால் மறுபடி ஏற விடமாட்டார்கள். அது அந்த நிமிஷமே எனக்குத் தெரிந்திருந்தது. இதை எழுதுவதற்கு ஒரு மாதம் ஆகியிருக்கிறது.

"நின்னிருக்கணும்" என்றேன்.

"நிப்பீருன்னுதான் பாத்துக்கிட்டே கெடந்தேன்" என்றாள். தூக்குவாளியை இடது கையால் வாங்கி உள்ளே கொண்டுபோனாள். திரும்பி வந்து காலி வாளியை வடிவிடம் கொடுத்தாள். என்னிடம், "இனும வண்டியத் தொடாதேயும்" என்றாள்.

"தொட மாட்டேன்."

அவள் உள்ளே திரும்பினாள்.

வீட்டுக்கு வந்து இந்த நோட்டில் அக்டோபர் 21ஐத் திருப்பினேன். ஆபீஸ் முறை ஒன்று உண்டு. பதிவில் தவறு இருந்தால் கிழிக்கக் கூடாது, அழிக்கக் கூடாது. பழைய எழுத்து தெரியும்படி ஒரே கோடு போட வேண்டும், மேலே சரியானதை எழுத வேண்டும், பக்கத்தில் சுருக்கொப்பம் இட வேண்டும். 'நாய் ஒன்று' என்பதன் மேல் கோடு போட்டேன். 'பேச்சியம்மாள்' என்று எழுதி, கு.லி. என்று என் சுருக்கொப்பம் இட்டேன்.

வடிவு தோளுக்கு மேலாக எட்டிப் பார்த்தாள். கோடு அதற்குக் கீழ் வரியில், 'வேறு சேதம் இல்லை' என்பதன் மேல் விழுந்திருக்கிறது என்றாள். அதுவும் அடிக்க வேண்டியதுதான், இருக்கட்டும் என்றேன். பிறகு அவள் விரலை வைத்து இடத்தைக் காட்டினாள். அந்த விரலை ஒட்டி இன்னொரு கோடு போட்டேன்.